பூர்ணாவின் கூஜா

பூர்ணாவிடம் திருகுமூடி போட்ட பித்தளைக் கூஜா ஒன்று இருந்தது. மற்றவர்கள் அதில் ரயிலுக்குத் தண்ணீர் கொண்டு போவார்கள். பூர்ணா பொல்லாத சத்தங்களைப் பிடித்து அடைத்து வைத்திருந்தாள். ஏ.எஸ்.ராவ் நகரில் கரப்பான் பூச்சி பிடிக்கக்கூட ஆள் இருக்கும்போது, பேய்ச் சத்தம் பிடிக்க மட்டும் இருக்கக் கூடாதா என்ன?

அடியில் கிடந்தது, பட்டான்செருவில் பூட்டிக் கிடந்த கிடங்கு ஒன்றில் பிடித்த விசில். கேட்டவர்கள் நின்றபடியே தூங்கிப்போவார்கள். அதற்கு மேலே, போன மாதம் சைனிக்புரியில் பிடித்த கூப்பிடு குரல். இதுதான் மகா போக்கிரி. யார் கூப்பிட மாட்டார்களா என்று ஏங்குகிறோமோ, அவர்கள் குரலிலேயே முதுகுக்குப் பின்னாலிருந்து கூப்பிடும். பதில் சொன்னால் போச்சு, நம் குரலைப் பிடுங்கிக்கொள்ளும். விளக்கு வைப்பதற்குள் மீட்காவிட்டால் ஜன்மத்துக்கும் ஊமைதான். மீட்க ஒரே வழி, அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் அதே மாதிரி கூப்பிட வேண்டும். அசல் வந்தால் நகல் நிற்காது, கூஜாவுக்குள் ஓடி ஒளியும். சைனிக்புரி மேஜருக்கு, அமெரிக்காவிலிருந்து மகள் போனில் "டாடி" என்றதும் அப்படித்தான் ஆயிற்று.

அப்பேர்ப்பட்ட கூஜாவைத்தான் பூர்ணாவின் கணவர் உமேஷ் திறந்து தொலைத்தார்.

முழுப் பழியையும் அவர் மேல் போட முடியாது. கூஜா அவருடைய அக்கா சுமலதாவுடையது, எப்போதோ இரவல் வாங்கியது. மகள் கல்யாணச் சீரில் வைக்க வேண்டும், கொண்டு வா என்று அக்கா போன் செய்தபோது பூர்ணா காய்கறி வாங்கப் போயிருந்தாள். இவரே பரணிலிருந்து இறக்கினார். குலுக்கிப் பார்த்தார். கனமே இல்லை, காலி என்று நினைத்துவிட்டார். பாத்திரத்தை வெறுமனே திருப்பித் தரக் கூடாதே, கொஞ்சம் சர்க்கரை போடுவோம் என்று மூடியைத் திருகினார். கடைசியாகப் போனதுதானே முதலில் வெளியே வரும்? வந்தது. முதுகுக்குப் பின்னால் நின்று கூப்பிட்டது, இவரும் பதில் சொல்லிவிட்டார்.

பூர்ணா திரும்பி வந்தபோது சமையலறைத் தரையெல்லாம் சர்க்கரை. கையில் கரண்டியோடு நின்ற உமேஷின் வாய் திறந்து திறந்து மூடியது. சத்தம் வரவில்லை. தினமும் காலையில் பேப்பரை உரக்கப் படித்துக் கழுத்தை அறுக்கிற குரல் அது. அது இல்லாத வீட்டை ஒரு கணம் நினைத்துப் பார்த்தாள், அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"யார் குரல்ல கூப்டுது? இந்தாங்கோ, போன்ல டைப் பண்ணுங்கோ!"

உமேஷின் காது சிவந்தது. போனை வாங்கி அப்படியே திருப்பிக் கொடுத்துவிட்டார்.

பூர்ணா முதலில் அக்காவை ஸ்பீக்கரில் போட்டுக் கூப்பிடச் சொன்னாள். "டேய் உமேஷ்! கூஜா எங்கடா? கொண்டு வர இவ்ளோ லேட்டா?" என்று சுமலதா கத்தினாள். ஒன்றும் நடக்கவில்லை.

"அப்போ ஆபீஸ்ல பிந்து பிந்துன்னு ஒருத்தி இருந்தாளே, அவளா? இருந்தாலும் பரவாயில்லை, நம்பரைக் குடுங்கோ. சண்டையை அப்புறம் வச்சுக்கலாம்."

உமேஷ் தலையில் அடித்துக்கொண்டு, கரண்டியை அவள் பக்கம் நீட்டினார்.

"நானா? நான்தான் பொழுதன்னைக்கும் கூப்டுண்டே இருக்கேனே! ஏன்னா!"

கூஜா அசையவில்லை. "ஏன்னா, இங்க பாருங்கோ!" என்றாள். ஊஹூம். அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. போக்கிரி, பேர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறது.

கல்யாணமான நாளிலிருந்து பூர்ணா அந்தப் பேரை வாயால் சொன்னதில்லை. பாங்கில் கேட்டால் அவருடைய ஆதார் அட்டையை நீட்டுவாள். புருஷன் பேரைச் சொன்னால் அவர் ஆயுசு குறையும் என்று சின்ன வயதில் யாரோ போட்ட பயம். விசிலையும் கூப்பிடு குரலையும் அடக்கியவள்தான், இந்த ஒன்றை மட்டும் தாண்ட முடியவில்லை. இப்படி ஒரு ஆசையை இந்த மனுஷர் வாயைத் திறந்து கேட்டதே இல்லையே என்று கோபம் கோபமாக வந்தது. கூடவே பாவமாகவும் இருந்தது.

எதிர்வீட்டு வாசலில் விளக்கேற்றத் தீப்பெட்டி உரசுகிற சத்தம் கேட்டது.

"உமேஷ்," என்றாள். அவளுக்கே கேட்கவில்லை. கண்ணை இறுக மூடிக்கொண்டாள். "உமேஷ்!"

காதோரம் ஒரு காற்று சீறிப் போயிற்று. கூஜா ஒருமுறை குதித்தது. பூர்ணா பாய்ந்து மூடியைத் திருகினாள்.

உமேஷ் செருமினார். "இன்னொரு தரம் கூப்பிடேன்."

"ஆசைதான்!" என்று முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

அக்காவுக்குப் புதுக் கூஜா வாங்கி, சர்க்கரை நிரப்பிக் கொடுத்தார்கள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலை, காபி கலந்துகொண்டிருந்த பூர்ணா கூடத்தைப் பார்த்து, "உமேஷ்!" என்றாள். பேப்பர் படிக்கிற சத்தம் சட்டென்று நின்றது. எட்டிப் பார்த்தாள். அவர் ஸ்டூல் போட்டு ஏறி, பரணில் கூஜாவின் மூடியைத் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இறுக்கித்தான் இருக்கு," என்றார், நம்ப முடியாமல்.

"தெரியும். காபி ஆறுது, வாங்கோ."