கம்பி இல்லாமல் பறந்தவன்

வெள்ளி ஆந்தை வானத்தில் ஏறினான். முகமூடி, சிறகுத் துணி, பஞ்சு மேகம். படத்தில் ஒரு கீறல் இல்லை.

"கம்பி எங்க?" என்றார் தையல்காரம்மா.

வெள்ளி ஆந்தை, இங்கே ஜப்பானில் அந்தக் காலத்தில் ஓடிய டி.வி. தொடரின் நாயகன். எங்கும் கிடைக்காத இந்த ஒரு பகுதியை வீடியோ டேப்பிலிருந்து மீட்டு இணையத்தில் ஏற்றியவர்கள் அண்ணனும் தங்கையும். அண்ணன் டேப்பை ஓட்டுவான். தங்கை கணினியில் கீறல்களைத் துடைப்பாள். அதனால் அவள் பெயரே 'பளபளா'. படத்தைப் பார்த்துவிட்டுத்தான் தையல்காரம்மா இவர்கள் அறையைத் தேடி வந்திருந்தார்.

"என்ன கம்பி?"

"எங்கப்பா பிடிச்ச கம்பிம்மா. ஸ்டுடியோ உத்தரத்துல உக்காந்து இந்த ஆளைத் தூக்கினவர் அவர்தான். படத்துல அப்பா வர்ற ஒரே இடம் அந்தக் கம்பிதான்."

பளபளா படத்தை உற்றுப் பார்த்தாள். கீறல் என்று நினைத்துக் கம்பியையும் துடைத்துவிட்டாள்!

"அண்ணா, துடைக்காத காப்பி இருக்குல்ல?"

"டிஸ்க் நிறைஞ்சு போச்சுன்னு... அழிச்சிட்டேன்."

"நல்லா இரு, மகராசா!"

மிச்சம் டேப் மட்டும். போன தடவை ஓட்டியபோதே கரிய தூளாக உதிர்ந்தது.

"இன்னொரு ஓட்டம் தாங்காது" என்றான் அண்ணன்.

"என்னால உங்க டேப் போக வேண்டாம்பா." தையல்காரம்மா எழுந்தார்.

"உக்காருங்கம்மா. ஆந்தை தானாப் பறந்தான்னு ஊருக்கெல்லாம் பொய் சொல்லிக்கிட்டிருக்கோம். போடு அண்ணா."

சன்னல் திரையை இழுத்து மூடினார்கள். இயந்திரம் முனகியது. அறை முழுவதும் நீல வெளிச்சம். மூவரும் தண்ணீருக்கடியில் உட்கார்ந்திருப்பது போலிருந்தது. படத்தில் வெள்ளிக் கோடுகளாகக் கீறல் மழை.

"எல்லாமே கோடா இருக்கே..." என்றார் தையல்காரம்மா.

கோடுகள் துள்ளின, மறைந்தன. ஒன்று மட்டும் மறையவில்லை. ஆந்தையின் தோளிலிருந்து கிளம்பிப் படத்துக்கு வெளியே, மேலே, எங்கோ போனது. மெல்ல ஆடியது.

தையல்காரம்மாவின் விரல்கள் மடியில் மூடிக்கொண்டன.

கிறீச்! அண்ணன் நிறுத்தப் பாய்ந்தான். பளபளா அவன் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"இறக்குப்பா... மெதுவா..." என்றார் தையல்காரம்மா, திரையைப் பார்த்தபடியே.

அட்டை மலைமேல் ஆந்தையின் கால்கள் பூப்போலப் பதிந்தன. டேப் அறுந்தது.

"பதிவாச்சா?" என்றான் அண்ணன்.

பளபளா தலையாட்டினாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு விசைப்பலகையை இழுத்தாள்.

"அப்பா பேரு சொல்லுங்கம்மா. நடிச்சவங்க வரிசையில போடணும்."

அவர் சொன்னார். கேட்காமலே, இன்னொரு தடவையும் சொன்னார்.