மூன்றாவது குழாய்

கடைத்தெருப் பள்ளிவாசலில், தொழுகைக்கு முன் முகம் கைகால் கழுவி ஒளு செய்வதற்கு ஏழு குழாய்கள். அவற்றில் மூன்றாவது செருப்புக்கடைக்காரருடையது. எங்கும் எழுதி வைக்கவில்லை. ஆனால் வேறு யாராவது அங்கே உட்கார்ந்தால் பின்னால் நின்று தொண்டையைக் கனைப்பார். உட்கார்ந்தவர் பாதி கழுவிய முகத்தோடு எழுந்து இடம் மாறிவிடுவார்.

அன்று பகல் தொழுகைக்கு வந்தவர், தன் குழாயடியில் ஒரு சொரசொரப்பான கல்லும் சின்ன எண்ணெய்ச் சீசாவும் இருப்பதைப் பார்த்தார்.

"இது யாரோடது?"

"பெயிண்டரோடதா இருக்கும்," என்றார் பக்கத்துக் குழாயில் இருந்த தையல்காரர்.

செருப்புக்கடைக்காரரின் முகம் சுருங்கியது. பெயிண்டர் என்பது எதிர்க்கடையில் விளம்பரப் பலகை எழுதுகிறவர். இந்தத் தெருவுக்கு வந்து இரண்டு வருடம்தான் ஆகிறது. தொழுகைக்குப் பத்து நிமிடம் முன்பே வந்து கடைசிக் குழாயில் உட்காருவார். நகக்கண்ணில் ஒட்டிய பெயிண்டைக் குச்சியால் சுரண்டி, எண்ணெய் தடவி, சோப்புப் போட்டுக் கழுவிய பிறகுதான் ஒளுவே தொடங்குவார். குழாயையும் நூல் மாதிரிதான் திறப்பார்.

"கை கழுவறதுக்கே இத்தனை நாடகம். இப்ப கடையை என் குழாய்க்கும் பரப்பிட்டானா?" என்று கல்லைக் காலால் ஒதுக்கினார்.

தொழுகை முடிந்ததும் இமாம் ஒரு செய்தி சொன்னார். அவருக்கு முழங்காலில் அறுவைச் சிகிச்சை. அடுத்த வாரம் முதல் ஒரு மாதம் பகல் தொழுகையைப் பெயிண்டர் முன்னின்று நடத்துவார்.

அன்று செருப்புக்கடைக்காரருக்குச் சோறு இறங்கவில்லை.

"இருபது வருஷமா முதல் வரிசையில நிக்கறவன் நான். நேத்து வந்தவன் எனக்கு முன்னாடி நிப்பானா?"

"அவரு ஓதினா கேட்டுக்கிட்டே இருக்கலாம்னு போன வாரம் நீங்கதானே சொன்னீங்க?" என்றாள் மனைவி.

"அது போன வாரம்."

மறுநாளிலிருந்து அவர் கண் கடைசிக் குழாயிலேயே இருந்தது. விலையைக் குறைப்பதற்காகத் தோலைப் புரட்டிப் புரட்டி ஓட்டை தேடுகிற அதே கண். வாய் கொப்பளித்தது மூன்று தடவையா? குதிகால் நனைந்ததா? இவருடைய குழாய் முழுசாகத் திறந்தபடி, தண்ணீர் பாதிக்கு மேல் சாக்கடைக்குப் போனது. கை தன் பாட்டுக்குக் கையைத் தேய்த்துக்கொண்டிருந்தது.

நாலாம் நாள் சரக்கு சிக்கியது. பெயிண்டரின் முழங்கையில் நீலமாக ஒரு புள்ளி.

ஈரக்கையோடு எழுந்தார். "ஹஜ்ரத், கையில பெயிண்ட் இருந்தா ஒளு கூடுமா?"

வாசலில் நின்ற இமாம் திரும்பினார். "படலமாப் படிஞ்சு தண்ணியைத் தோல்ல படவிடாம தடுத்தா கூடாது. அதை எடுத்துட்டு மறுபடி செய்யணும்."

"அப்ப உங்க ஆளோட முழங்கையைப் பாருங்க," என்று விரலை நீட்டினார். ஏழு குழாயும் நின்றன.

பெயிண்டர் எழுந்து வந்து கையை நீட்டினார். இமாம் நகத்தால் சுரண்டினார். எதுவும் உரியவில்லை. "இது வெறும் கறை. மருதாணி மாதிரி. தண்ணியைத் தடுக்காது."

சொல்லிவிட்டு நிமிர்ந்த இமாமின் பார்வை, இன்னும் நீட்டியபடியே இருந்த செருப்புக்கடைக்காரரின் விரலில் நின்றது. அதில் தண்ணீர் பரவாமல் முத்து முத்தாக உருண்டுகொண்டிருந்தது. அடிப்பாகம் ஒட்டுகிற சொல்யூஷன் காய்ந்து, விரல் நுனிகளில் கண்ணாடித் தோலாகப் பளபளத்தது.

வேறு யாரும் கவனிப்பதற்குள் பெயிண்டர் அந்தக் கையைத் தன் கைக்குள் பொத்திக்கொண்டார். "வாங்கண்ணே, தொழுகைக்கு நேரமிருக்கு."

மூன்றாவது குழாயடியில் உட்காரவைத்து எண்ணெயைத் தடவினார். கல்லை எடுத்துக் கொடுத்தார். தேய்க்கத் தேய்க்கச் சொல்யூஷன் வெங்காயச் சருகு போலச் சுருண்டு வந்தது.

"இதை எனக்காகவா வச்சே?"

"ஆமாண்ணே. நாலஞ்சு நாளாச்சு. எல்லார் முன்னாடியும் சொன்னா உங்களுக்குச் சங்கடம்."

"தனியா வந்து சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தா கேட்டிருப்பீங்களா?"

அவரால் பொய் சொல்ல முடியவில்லை. உரிந்து கிடந்த சருகுகளைப் பார்த்தார். "அப்ப இத்தனை நாள் நான் தொழுதது?"

"தெரியாம நடந்தது. ஹஜ்ரத்கிட்ட தனியாக் கேளுங்க, வழி சொல்வாரு."

அடுத்த வாரம் பெயிண்டர் தொழவைக்கும் முதல் நாள். செருப்புக்கடைக்காரர் வந்தபோது மூன்றாவது குழாயில் தையல்காரர் உட்கார்ந்திருந்தார். கனைப்புக்குக் காத்திருந்து, அது வராமல் திரும்பிப் பார்த்தார். செருப்புக்கடைக்காரர் கல்லையும் சீசாவையும் எடுத்துக்கொண்டு கடைசிக் குழாய்க்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்து, குழாயை நூல் மாதிரி திறந்தார்.

"என்னண்ணே, இன்னிக்குப் பெயிண்டரைப் பரிசோதிக்கலியா?" என்றார் தையல்காரர்.

செருப்புக்கடைக்காரர் தன் நகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அவன் கையில கறையைத் தேடுன நேரத்துல என் கையை ஒரு தடவை பாத்திருந்தா, என் ஒளு கூடியிருக்கும். பொறாமையும் இந்தச் சொல்யூஷன் மாதிரிதான்யா. பூசினவன் கண்ணுக்குத் தெரியாது; நல்லது எதையும் உள்ளே விடாது. முதல்ல அதை உரிச்சுப் போட்டுட்டுத்தான் தண்ணியைத் தொடணும்."