தெற்கு பார்த்த சுவரில் ஸெலி

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தொன்று ஆகஸ்டில், பாரிசை ஒட்டிய மோந்த்ரேயில், மதாம் கோதேனின் தெற்கு பார்த்த சுவரில் பழுத்த அறுபது பீச்சுப் பழங்களில், மூன்றாண்டுக்கு முன் விஷக்காய்ச்சலில் செத்துப்போன ஸெலியின் முகம் தானாகவே விழுந்திருந்தது. பக்கத்தில் இன்னும் இருநூற்று நாற்பது பழங்களிலும் அவள் முகம்தான். ஆனால் அவற்றுக்குக் காரணம் உண்டு.

ஸெலியின் கணவர் அன்செல்ம் கூர்த்வா சினிமா எடுத்தவர். கைக்குழந்தைகளைப் போட்டோ பிடித்துக்கொண்டிருந்த மனிதர், தொண்ணூற்றெட்டில் கையால் சுற்றும் கேமரா ஒன்றை வாங்கி, கொல்லையில் கண்ணாடிக் கூடம் கட்டி, பன்னிரண்டு ஆண்டில் நூற்றுப்பத்துப் படங்களை எடுத்துத் தள்ளினார். தொப்பியைத் துரத்தும் பாதிரியார், குளியல் தொட்டியில் ஊர்வலம் போகும் மேயர் என்று எல்லாம் ஓரிரு நிமிடக் கூத்து. திருவிழாக் கொட்டகைக்காரர்கள் மீட்டர் கணக்கில் வாங்கிப் போனார்கள். எல்லாவற்றிலும் ஸெலிதான் நாயகி. பிலிம் விஷயத்தில் மட்டும் மனிதர் மகா கஞ்சர். கூத்து முடிந்த நொடியே கைப்பிடியை நிறுத்திவிடுவார். ஒவ்வொரு படத்தின் முடிவிலும் ஸெலி அவர் பக்கம் திரும்பி ஏதோ சொல்ல வாயெடுப்பாள். எத்தனை மீட்டர் மிச்சம் என்று பார்க்கிற அவசரத்தில் அது அவர் காதில் விழுந்ததே இல்லை.

பிறகு பெரிய கம்பெனிகள் வந்தன, படங்கள் நீண்டன, கொட்டகைக்காரர்கள் அவரை மறந்தார்கள். போர்க்காலத்தில் அவருடைய பிலிம்களைப் பழைய சரக்காக உருக்கிவிட்டார்கள். ஸெலியும் போன பிறகு ஒரே கேள்வி அவரை அரித்தெடுத்தது: அப்படி என்னதான் சொன்னாள்? கூட நடித்தவர்களை எல்லாம் தேடிப் போய்க் கேட்டார். ஒருவருக்கும் நினைவில்லை.

மோந்த்ரேயில் பழத்தின் மேல் சித்திரம் எழுப்புவது வழக்கம். பழுக்கிற மாதத்தில், வெட்டிய காகிதத்தை முட்டை வெள்ளையால் தோலில் ஒட்டுவார்கள். வெயில் பட்ட இடம் சிவக்கும், மறைந்த இடம் வெளுத்திருக்கும். அந்தக் கோடையில், உதவாத வெற்றுப் பிலிம் என்று நினைத்து அன்செல்ம் ஒரு டப்பாவை, காகிதத்துக்குப் பதில் ஒட்டட்டும் என்று, பக்கத்துத் தோட்டக்காரி மதாம் கோதேனுக்குக் கொடுத்திருந்தார். உருக்காமல் தப்பிய ஸெலியின் படம் ஒன்று அதில் இருந்தது இருவருக்குமே தெரியாது. அவள் ஒழுங்குக்காரி. பிலிமைக் கட்டம் கட்டமாக நறுக்கி, பழத்துக்கு ஒன்றாக, வரிசை மாறாமல் ஒட்டினாள். இருநூற்று நாற்பதோடு பிலிம் தீர்ந்தது. பழம் சிவந்து அவள் பிலிமை உரித்த காலையில், போட்ட கூச்சல் பக்கத்து வீடுவரை கேட்டது.

"மிஸ்யே அன்செல்ம், ஓடியாங்க! ஒங்க வீட்டம்மா என் சுவத்துல நிக்கிறாங்க."

"காலையிலயே ஊத்திக்கிட்டீங்களா மதாம்?"

"சூப்பு மட்டுந்தான் குடிச்சேன். வாங்கன்னா!"

அவர் பார்த்தார். ஒவ்வொரு பழமாக நின்று பார்த்தால் அவள் அசையவில்லை. ஓடிக்கொண்டே பார்த்தால் படம் ஓடும். அதற்கு அவர் முழங்காலில் தெம்பில்லை. மதாம் அவரைக் கைவண்டியில் தூக்கி உட்காரவைத்தாள்.

"கெட்டியாப் புடிச்சுக்கங்க. விழுந்தா நான் பொறுப்பில்ல."

அவள் தள்ளிக்கொண்டு ஓடினாள். ஸெலி தொப்பியைச் சரிசெய்தாள், சிரித்தாள், அவர் பக்கம் திரும்பி வாயைத் திறந்தாள்.

"நிறுத்துங்க மதாம், பிலிம் இங்கதான் தீந்துச்சு!"

"பழம் தீரலையே!"

பிலிம் ஒட்டாத மிச்ச அறுபது பழங்களிலும் ஸெலி பேசினாள். சத்தம் இல்லை. இருபது ஆண்டு கூட வாழ்ந்தவருக்கு உதடு போதும். "இன்னைக்காவது எங்கூட ஒக்காந்து சாப்பிடுய்யா" என்றாள்.

அன்செல்ம் அழுதார். அப்புறம் வண்டியிலிருந்து இறங்கி, சுவரடியில் உட்கார்ந்து, கையெட்டிய பழத்தைப் பறித்து, மதியம்வரை நிதானமாகச் சாப்பிட்டார். மிச்சம் மறுநாள் சந்தைக்குப் போனது. வாங்கியவர்கள் முகத்தைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. இந்த வருஷம் பழம் நல்ல இனிப்பு என்றார்கள்.