மாற்றாத வாக்குமூலம்

"உங்கள் வருங்கால மனைவியை முதலில் எங்கே பார்த்தீர்கள்?"

மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த பிரெஞ்சு அதிகாரி ஆங்கிலத்தில்தான் கேட்டார். நடுத்தர வயதுப் பெண்மணி. அன்பான குரல். தாரகனால் நம்ப முடியாதது அந்த அன்பைத்தான்.

"கொழும்பில். மூன்று வருஷத்துக்கு முன். சிநேகிதன் வீட்டுக் கல்யாணம். நல்ல மழை. எங்கள் இருவருக்கும் ஒரே குடை."

பச்சைப் பொய்.

மதுஷாவை அவன் முதன்முதலாக நேரில் பார்த்தது போன வெள்ளிக்கிழமை, துபாய் விமான நிலைய வாசலில். கொழும்பு மழையும் குடையும் ஷ்யாமின் கைவண்ணம். துபாயின் சத்வாப் பகுதியில் தாரகனோடு ஒரே ரூமில் இருக்கும் சென்னைக்காரன். டைப்பிங் சென்டரில் விசா விண்ணப்பம் அடிப்பது தொழில். சினிமாவுக்குக் கதை யோசிப்பது வியாதி.

"அம்மா பார்த்த பொண்ணு, ஜாதகம் பொருந்திச்சுன்னு மட்டும் அங்க வாயத் தொறந்துடாத மச்சி" என்று போன வாரமே எச்சரித்திருந்தான். "காதலுக்குன்னே பொறந்த ஊருடா பாரிஸ். பொண்ணைக் கயித்துல கட்டி இழுத்துட்டு வந்தவன் மாதிரி உன்னைப் பார்ப்பாங்க."

"அப்ப என்னத்தையடா சொல்லுறது?"

"லவ்வுன்னு சொல்லு. சீனை நான் தரேன்."

விஷயம் இதுதான். யாழ்ப்பாணத்துத் தாரகனுக்குத் துபாயில் ஓர் அலுவலக வேலை. மதுஷா பாரிஸில் பிறந்த பிரெஞ்சுப் பிரஜை. அபுதாபி நீதிமன்றத்தில் கல்யாணத்தைப் பதிவு செய்வதற்கு முன், அவளுடைய தூதரகம் இருவரையும் தனித்தனியே விசாரித்து, இது இருவரும் மனமொத்துச் செய்யும் திருமணம் என்று சான்றிதழ் தரவேண்டும். அது கிடைக்காவிட்டால் அவன் பாரிஸ் போவது குதிரைக்கொம்பு.

நாலு மாதமாகத் தினமும் போனில் கதைத்த பெண். உயர்நிலைப் பள்ளியில் தத்துவம் படிப்பிக்கிறவள். கேட்ட கேள்விக்கு ஒரு வரலாற்றோடுதான் பதில் சொல்லுவாள்.

"ஆயிரத்து எழுநூற்றுத் தொண்ணூற்றிரண்டு" என்றாள் ஒருநாள். "ராசாவை இறக்கின கையோட, கல்யாணத்தையும் பாதிரிமாரிட்ட இருந்து பறிச்சுப்போட்டாங்கள். அதுக்குப் பிறகு எங்கட நாட்டில ரெண்டு பேர் தாங்களா 'ஓம்' எண்டு சொல்லோணும். அவ்வளவுதான் கல்யாணம்."

"அப்ப ஏன் டீச்சர், அம்மா பார்த்த மாப்பிளைக்கு ஓம் எண்டனீங்கள்?"

"காட்டினது அம்மா. ஓம் எண்டது நான். என்னோட படிப்பிக்கிறவைக்கு இது மண்டைக்குள்ள ஏறாது. வீட்டில என்னை வெருட்டினம் எண்டு ஒருத்தி அழுதே போட்டாள். ஒரு மாசம் சண்டை பிடிச்சனான், இதுவும் என்ர சுதந்திரம்தான் எண்டு!"

சொல்லிவிட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்புக்காகவே அவன் மறுநாள் எப்போது போன் வரும் என்று காத்திருக்கத் தொடங்கினான்.

இன்று காலை டாக்ஸியில் ஷ்யாமின் மூன்று பக்கக் கதையை அவளிடம் நீட்டினான். படித்தாள். விழுந்து விழுந்து சிரித்தாள். "உங்கட சிநேகிதன் படமெடுக்கப் போகலாம்" என்று மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டாள்.

சரி, ஒப்புக்கொண்டுவிட்டாள் என்று அவன் நினைத்துக்கொண்டான். வேறு எதுவும் அவளிடம் கேட்கவில்லை.

"குடையை அவளிடம் கொடுத்துவிட்டு நான் நனைந்துகொண்டே போனேன். மூன்று நாள் காய்ச்சல்." விசாரணை அறையில் அவனாகவே சேர்த்த வரி இது; ஷ்யாம்கூட எழுதாதது. அதிகாரி புன்னகைத்துத் தட்டச்சு செய்தார். தாரகனுக்கு உயிர் வந்தது.

அடுத்து மதுஷா உள்ளே போனாள். நாற்பது நிமிஷம். கதவு திறந்தபோது அவள் முகத்தில் நிம்மதி இருந்தது. "முடிஞ்சுது. நல்ல மனுசி" என்றாள்.

ஆனால் அதிகாரி அவனை மறுபடி கூப்பிட்டார். தனியாக.

"மதுஷா வேறு விதமாகச் சொல்கிறார். அம்மாமார் பேசி வைத்த சம்பந்தம். நாலு மாதம் தொலைபேசி. முதல் சந்திப்பு போன வெள்ளிக்கிழமை. இதில் தப்பே இல்லை. பெற்றோர் அறிமுகம் செய்யலாம், வற்புறுத்தத்தான் கூடாது. உங்கள் பதிலைத் திருத்த விரும்புகிறீர்களா?"

தப்பிக்க வழியைத் திறந்துதான் வைத்தார். ஆனால் தாரகனின் காதில் வேறொரு கேள்வி விழுந்தது.

அப்போது அவனுக்குப் பதினொரு வயது. சாவகச்சேரிப் பக்கம் ராணுவச் சோதனைச்சாவடி. எங்கே போய் வருகிறாய் என்று கேட்டதற்கு அண்ணன் முதலில் டியூஷன் என்றான். அதட்டியதும் சிநேகிதன் வீடு என்றான். இரண்டும் உண்மை. பதிலை மாற்றியதற்காக பஸ்ஸிலிருந்து இறக்கினார்கள். பதினோராம் நாள் திரும்பி வந்த அண்ணன் அதன்பிறகு யாரோடும் பேசவில்லை. முதலில் சொன்னதுதான் சொன்னது, செத்தாலும் மாற்றாதே. அந்த வீட்டில் அதன்பிறகு அதுதான் சட்டம்.

இது பொறி, என்று முடிவு கட்டினான் தாரகன்.

"நான் சொன்னதுதான் உண்மை."

"அப்படியானால் மதுஷா பொய் சொல்கிறாரா?"

"ஆமாம்."

"ஏன் சொல்லவேண்டும்?"

காரணம் தேடினான். கிடைத்ததை எடுத்து வீசினான். "அம்மாவுக்குப் பயம். அம்மா சொல்லிக்கொடுத்ததைச் சொல்கிறாள்."

அதிகாரியின் விரல்கள் நின்றன. புன்னகை மறைந்தது. பிறகு ஒவ்வோர் எழுத்தாகத் தட்டினார்.

மதுஷாவையும் அழைத்து, இருவருக்கும் முன்னால் வாசித்தார். மணப்பெண் தாய்க்குப் பயந்து பேசுவதாக மாப்பிள்ளையே சொல்லியிருப்பதால், இது கட்டாயத் திருமணமா என்று பிரான்ஸில் அரசு வழக்கறிஞர் பார்க்கவேண்டிவரும். தாயாரை விசாரிப்பார்கள்.

வெளி வராந்தாவில் அவள் சத்தமே போடவில்லை.

"அம்மா இருபத்தாறு வருஷம் ஊர்ப்பட்ட ஒபீஸ்களில நிலம் துடைச்சு என்னைப் படிப்பிச்சவ. அவவைப் பொலிஸில கூப்பிட்டு, மகளை வெருட்டினியா எண்டு கேக்கப் போயினம்."

"மதுஷா, நான் பயந்திட்டன். எங்கட ஊரில பதிலை மாத்தினா..."

"இங்க ஆர் ஆமிக்காரன் மாதிரித் துவக்கை நீட்டிக்கொண்டு நிண்டது? ஒரு பொம்பிளை, ஒரு கம்ப்யூட்டர். மாத்தச் சொல்லிக் கெஞ்சாத குறையாக் கேட்டிருக்கிறா." கைப்பையிலிருந்து அந்த மூன்று பக்கத்தையும் எடுத்து அவன் கையில் திணித்தாள். "குடைக்கதையைச் சொன்னதைக்கூட விடுவன். என்னைப் பொய்க்காரி எண்டு எழுதிக் குடுத்திட்டீங்கள். உலகமெல்லாம் எனக்குச் சொந்த வாய் இல்லை எண்டு சொல்லிச்சுது. நீங்களும் சொல்லிப்போட்டீங்கள்."

"போய்த் திருத்திறன். இப்பவே."

"நில்லுங்கோ."

அவள் கவுண்டருக்குப் போனாள். ஒரு தாள் கேட்டு வாங்கினாள். அதே அதிகாரி வெளியே வந்து அவளருகில் நின்றார். பிரெஞ்சில் ஏதோ கேட்டார். மதுஷா வேண்டுமென்றே ஆங்கிலத்தில், அவனுக்கும் கேட்கட்டும் என்று, பதில் சொன்னாள்.

"இல்லை, யாரும் வற்புறுத்தவில்லை. விண்ணப்பத்தைத் திரும்பப் பெறுவது முழுக்க என் விருப்பம்."

கையெழுத்திட்டாள். பாஸ்போர்ட்டை எடுத்துக்கொண்டு வெயிலுக்குள் இறங்கி நடந்தாள். திரும்பிப் பார்க்கவில்லை.

தாரகன் கவுண்டருக்கு ஓடினான். "மேடம், என் வாக்குமூலத்தைத் திருத்தவேண்டும். அவள் சொன்னதுதான் நிஜம். எல்லாமே நிஜம்."

மதுஷா கையெழுத்திட்ட தாளை அதிகாரி அவனுக்குக் காட்டினார். அந்த அன்பு இப்போதும் அவர் குரலில் இருந்தது.

"அவர் சொன்னதை நான் அப்போதே நம்பினேன், மிஸ்டர் தாரகன். திருத்துவதற்குத்தான் இப்போது கோப்பு இல்லை."