மின்னல் முற்றுகையில் மெதுவாக நடந்தவர்கள்

1.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதையை நான் மூளையைக் கசக்கிக் கண்டுபிடிக்கவில்லை. சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலிருந்து ஒரகடம் போகும் ஷேர் ஆட்டோவில், டிரைவருக்குப் பக்கத்தில் ஒண்டி உட்கார்ந்து போனபோது கிடைத்தது. வருஷம் 2014. ஆலைகளுக்குப் பாதுகாப்பு அறிவிப்புகளைத் தமிழில் எழுதித் தருவது என் பிழைப்பு. 'இயந்திரம் ஓடும்போது கையை உள்ளே விடாதீர்' என்பது நான் எழுதியதுதான். என் கதைகளைவிட அதற்கு வாசகர்கள் அதிகம்.

டிரைவர் ரகுபதி வல்லம் வடகால்காரன். ஆள் சேரும்வரை ஸ்டாண்டில் செல்போனைத் தட்டிக்கொண்டிருப்பான். அன்றைக்கு வண்டி நிரம்பி வழிந்த பிறகும் கிளப்பவில்லை. பின்சீட்டில் ஒருவர் சத்தம் போட்டார்.

"இரு நைனா, ஒரு நிமிசம். எதிரி அடிக்காம நின்னுகினு கீறான். இன்னாத்துக்குன்னு பாத்துகினு இருக்கேன்," என்றான்.

எதிரி ஏன் அடிக்காமல் நிற்கிறான் என்று நானும் கேட்டேன். ஒரகடம் வந்து சேரும்வரை அவன் சொன்ன பதிலில் தொடங்கியதுதான் இது.

2.

தொடக்கத்தை மூன்று தடவை எழுதினேன்.

ஒருகாலத்தில் நெல் விளைந்த நிலத்தில் இன்று இரும்பு— (போதும். இந்த ரோட்டைப் பற்றி எழுத உட்கார்ந்தாலே எல்லோருக்கும் நெல் ஞாபகம் வந்துவிடுகிறது.)

மாரிசெல்வி கண்ணைத் துடைத்துக்கொண்டு கம்பெனி பஸ்ஸில் ஏறினாள்— (இதை அவளிடமே படித்துக் காட்டினேன். "நான் எதுக்குக்கா அழணும்? ஜன்னல் சீட்டுல்லா கெடச்சிருக்கு," என்றாள். அடித்துவிட்டேன்.)

மூன்றாவது, நேராகச் சொல்வது. மாரிசெல்வி, இசக்கிபாண்டி இருவரும் புருஷன் பொண்டாட்டி. சங்கரன்கோவில் பக்கம். வல்லம் வடகாலில் ஒற்றை அறை வாடகைக்கு எடுத்திருந்தார்கள். அவளுக்குச் செல்போன் பாகங்கள் பூட்டும் வேலை, அவனுக்குக் கார் உதிரிபாக ஆலையில் லைன் வேலை. அவன் காலை ஷிப்ட் முடித்துப் பஸ்ஸில் திரும்பும்போது அவள் பிற்பகல் ஷிப்ட்டுக்குப் பஸ்ஸில் போய்க்கொண்டிருப்பாள். வாரம் மாறினால் ஷிப்ட்டும் மாறும், ஆனால் எதிரெதிராகவே மாறும். ஒரே கட்டில்தான், ஆனால் ஒருவர் வந்து படுக்கும்போது மற்றவர் தூங்கிக்கொண்டிருப்பார்.

போனில் பேசிக்கொள்ள மாட்டார்களா என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டேன். "பேசுனா கேஸ் தீந்துட்டு, மோட்டார் ஓடலன்னு சண்டையிலதான் போய் நிக்கி. வெளையாடுனா சண்டை இல்ல," என்றாள்.

3.

விளையாட்டின் நிஜப் பெயரைச் சொல்லப்போவதில்லை. 'கோட்டை' என்று வைத்துக்கொள்வோம்.* ஓர் அணிக்கு மூன்று பேர்; இவர்களுக்கு மூன்றாவது ஆள் ரகுபதி. எதிரணியின் வாசற்கதவை உடைத்தால் வெற்றி. எதிரில் ஆடுகிறவர் உலகத்தில் எந்த மூலையிலும் இருக்கலாம். தட்டச்சு செய்து பேச வழியில்லை. தட்டினால் தலைக்கு மேல் தோன்றுகிற நான்கே சைகைகள்: வா. நில். காப்பாற்று. நன்றி.

(* விளையாட்டே தெரியாதவர்கள் பயப்பட வேண்டாம். எனக்கும் தெரியாது. ரகுபதி கற்றுத்தர முயன்று, "நீ எழுதுற வேலையையே பாருக்கா," என்று விட்டுவிட்டான்.)

மாதச் சந்தா கட்டுகிறவர்களுக்கு ஒரு பரிசு ஏணி உண்டு. ஜெயிக்கிற ஆட்டங்களுக்குப் புள்ளி, புள்ளி சேர்ந்தால் படி. ஒரு வருஷம் மாதம் தவறாமல் ஏணியை ஏறி முடித்த அணிக்கு ஒரு கூடாரம் கிடைக்கும். பிறகும் மாதாமாதம் ஏறியாக வேண்டும். ஒரு மாதம் தவறினால் கூடாரத்தை மடக்கிவிடுவார்கள், மறுபடி முதலிலிருந்து ஒரு வருஷம்.

கூடாரத்தில் அப்படி என்ன? ஒன்றுமில்லை. நடுவில் கணப்பு எரியும். ஆட்டத்தில் இல்லாதவர்களின் உருவங்கள் அங்கே படுத்துத் தூங்கும், அவர்கள் உள்ளே வந்ததும் எழுந்து உட்காரும். அவ்வளவுதான்.

"வீட்டுக்குப் போனாலும் அவுக தூங்கத்தான் செய்வாக," என்றாள் மாரிசெல்வி. "அங்கன மட்டுந்தான்க்கா நான் போய் ஒக்காந்து கொஞ்ச நேரத்துல எந்திரிப்பாக."

எங்கேயோ ஒரு நாட்டில், பரிசு என்ற பெயரில் யாரோ வரைந்து வைத்த கூடாரம். அதில் இவர்கள் குடித்தனம் நடத்திவிட்டார்கள். எனக்குப் பிரமிப்பாக இருந்தது. இப்போதும் இருக்கிறது.

4.

சிக்கல், நேரத்தில் வந்தது.

பழைய ஆட்டம் முக்கால் மணி நேரம் இழுக்கும். பஸ் பயணத்துக்குள் முடியாது. பாதியில் போனால் புள்ளி கிடையாது. அதனால் மாதக் கடைசியில் இருவரில் ஒருவர் சம்பளமில்லாத லீவு போட்டு ஏணியை ஏறி முடிப்பார்கள். இந்தக் கதை நடந்த மாதம் இரண்டு ஆலையிலும் லீவே கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். ஏணியில் ஒரே ஒரு வெற்றி பாக்கி நின்றது.

அப்போதுதான் கோட்டைக்காரர்கள் 'மின்னல் முற்றுகை' கொண்டுவந்தார்கள். பஸ் ஏறி இறங்குவதற்குள் முடிந்துவிடுகிற வேக ஆட்டம். கூடவே ஓர் அறிவிப்பு: இது சோதனை வாரம், பழைய ஆட்டம் மூடியிருக்கும். இந்த வாரம் ஜெயித்தால் பழைய புள்ளியே கிடைக்கும். ஆட்டங்கள் சராசரியாக எவ்வளவு சீக்கிரம் முடிகின்றன என்று அளந்து பார்த்து, அடுத்த மாதத்திலிருந்து புள்ளியை நிர்ணயிப்போம்.

வேறு எவராக இருந்தாலும் துள்ளிக் குதித்து, அந்த வாரமே வெறியாக ஆடி ஏணியை முடித்திருப்பார்கள். இசக்கிபாண்டி அறிவிப்பை இரண்டு தடவை படித்துவிட்டு முகம் மாறிப்போனான். அன்று ஞாயிற்றுக்கிழமை. அதிசயமாக இருவருக்கும் ஓ.டி. இல்லை. ரகுபதி அவர்கள் அறையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

"மெதுவா ஆடணும்," என்றான் இசக்கிபாண்டி. "ஸ்டாப்வாட்ச்ச வச்சுக்கிட்டு ஒருத்தன் வந்து நிக்கான்னா கை மெதுவாப் போவணும். ஒனக்குத் தெரியாதா ஏட்டி? போன வருசம் எங்க லைன்ல ஒருத்தன் டைம் ஸ்டடி அன்னைக்கு ஆர்வக்கோளாறுல வேகமாச் செஞ்சு காட்டிட்டான். இன்னைக்கு வரைக்கும் அவன் வேகத்துக்குத்தான் நாங்க ஓடுதோம்."

"அது லைனு. இது வெளையாட்டுல்லா."

"அளக்கானா இல்லியா? அளந்தா லைனுதான்."

"எல்லாரும் மெதுவா ஆடுனா, இது யாருக்கும் பிடிக்கலன்னு எடுத்துட்டாம்னா? பொறவு பஸ்ஸுல எத ஆடுவிய?"

இசக்கிபாண்டி விடவில்லை. "சீக்கிரம் முடிச்சுக் காட்டுனா புள்ளியப் பாதியாக்கிருவான். பொறவு மாசம் முச்சூடும் பஸ்ஸுல கெடந்தாலும் ஏணி ஏறாது," என்றான்.

"ரெண்டு பேரும் கரீட்டாத்தான்க்கா பேசிகினு இருந்தாங்க," என்றான் ரகுபதி. "நான் இன்னா சொல்றது? கொழம்பு நல்லா இருந்திச்சு. துன்னுகினு இருந்தேன்."

கடைசியில் மாரிசெல்வி அரை மனதோடு ஒத்துக்கொண்டாள். மெதுவாக ஆடுவது, அதாவது கதவை உடைக்காமல் நேரத்தைக் கடத்துவது. நேரம் முடிந்தால் ஆட்டம் சமன். யாருக்கும் புள்ளி இல்லை. ஆனால் அளக்கிறவனின் சராசரி ஏறும்.

இங்கே ஒரு எழுத்தாளராக நான் குறுக்கே வர வேண்டியிருக்கிறது. இது எவ்வளவு பெரிய அசட்டுத்தனம் என்று உங்களுக்குத் தெரிகிறதல்லவா? உலகம் பூராவும் லட்சக்கணக்கான பேர் ஆடுகிறார்கள். வல்லம் வடகாலில் மூன்று பேர் மெதுவாக நடந்தால் எந்தச் சராசரி ஏறும்? இதை அவர்களிடம் சொன்னேனா என்றால், இல்லை. நான் கேள்விப்பட்டபோது எல்லாம் நடந்து முடிந்திருந்தது— (பொய். இன்னும் சில நாள் பாக்கி இருந்தது. சொல்ல மனசு வரவில்லை.)

5.

சோதனை வாரத்தின் முதல் ஆட்டம். மூன்று பேரும் எதிரியின் கதவுக்கு முன்னால் போய் நின்றார்கள். அவள் ஒரு பஸ்ஸில், அவன் ஒரு பஸ்ஸில், ரகுபதி ஸ்டாண்டில். இசக்கிபாண்டி தலைக்கு மேல் 'நில்' தோன்றியது. நின்றார்கள். எதிரணி வந்து மூன்று பேரையும் அடித்துத் துவைத்துவிட்டுப் போனது. இரண்டாம் நாளும் அதேதான். பெரிய புரட்சியாக இருக்கும் என்று எதிர்பார்த்திருந்தால் மன்னிக்கவும்.

மூன்றாம் நாள்தான் நான் ஆட்டோவில் இருந்தேன்.

எதிரில் வந்த மூன்று பேரும் அடிக்கவில்லை. கொஞ்சம் தள்ளி நின்றார்கள். அவர்கள் பெயர்களை ரகுபதியால் படிக்க முடியவில்லை. "ஒண்ணு முறுக்கு புழிஞ்சா மாதிரி இருந்திச்சு, இன்னொண்ணு பொட்டி பொட்டியா. இன்னா பாஷையோ." இசக்கிபாண்டி வழக்கம்போல் 'நில்' என்றான். எதிரணியில் ஒருவர் தலைக்கு மேலும் 'நில்' தோன்றியது. பிறகு அடுத்தவருக்கு. பிறகு மூன்றாமவருக்கு.

ஆறு பேரும் சண்டையை விட்டுவிட்டுக் கோட்டைச் சுவரோரமாக நடந்தார்கள். திரும்பி நடந்தார்கள். நேரம் தீர்ந்தது.

இதை எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. தற்செயலாக இருக்கலாம். நெட் மெதுவாக இருந்திருக்கலாம். ஆனால் அடுத்த நாள் வேறோர் அணி, அதற்கடுத்த நாள் இன்னோர் அணி, அப்படியே நின்றார்கள். எல்லோரும் இல்லை, அடித்தவர்களும் உண்டு. நின்றவர்கள் யார்? எந்த ஊரில், எந்தக் கம்பெனி பஸ்ஸில், சாப்பாட்டுப் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்? கடிகாரத்தோடு ஒருவன் வந்து நின்றால் கையை மெதுவாக்க வேண்டும் என்று அவர்களுக்கு யார் சொன்னது? ஒரகடத்துக்காரர்கள் மட்டுமே செய்யக்கூடிய தப்பு என்று நினைத்திருந்தேன். அதே தப்பை முறுக்கு எழுத்துக்காரரும் பெட்டி எழுத்துக்காரரும் செய்துகொண்டிருந்தார்கள். பொங்கிப் பொங்கி வருகிறது. எதற்கும் இப்படி நான் அசந்து நின்றதில்லை.

6.

ரகுபதியைக் கதையிலிருந்து எடுத்துவிடலாமா என்று ஒரு யோசனை இருந்தது. கணவன், மனைவி, எதிரணி போதும் என்று பட்டது. ஆனால் கடைசி நாளை எனக்குச் சொன்னவன் அவன் ஒருவன்தான். ஆகவே இருக்கட்டும்.

கடைசி நாள், மாதத்துக்கும் கடைசி நாள். ஏணியில் அந்த ஒரு வெற்றி பாக்கியாகவே இருந்தது. இன்று ஜெயித்தால் கூடாரம் நிற்கும். இல்லையென்றால் இன்றோடு மடங்கிவிடும்.

எதிரில் வந்தது மூன்றாம் நாள் பார்த்த அதே முறுக்கு எழுத்து அணி. மறுபடி ஆறு பேரும் நின்றார்கள். சந்தாக்காரர்களின் உருவங்கள் முதுகில் தாங்கிவரும் கொடியில் அவர்களுடைய ஏணி தெரியும். இவர்களுக்கு ஒரு படி குறைகிறது என்பது எதிராளி கண்ணிலும் படும். முறுக்கு எழுத்துக்காரர் மாரிசெல்வியின் கொடிக்கு அருகில் வந்தார். சற்று நின்றார். பிறகு தன் கூட்டாளிகளிடம் திரும்பிப் போனார். மூன்று பேரும் தங்கள் வாசற்கதவை விட்டு ஒதுங்கி, அவளுக்கு வழிவிட்டு நின்றார்கள். அவர்கள் தலைக்கு மேல் ஒன்றன்பின் ஒன்றாகத் தோன்றியது: வா. வா. வா.

அவள் கதவுக்கு முன்னால் வந்துவிட்டாள். ஓர் அடி போதும். அதே நேரம் இசக்கிபாண்டி தலைக்கு மேல்: நில்.

அந்த 'நில்'லுக்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியாது. அடிக்காதே என்பதா? இன்றோடு கூடாரம் போகிறது, இன்னும் கொஞ்ச நேரம் கூட இரு என்பதா? நான்கு வார்த்தைகளை வைத்துக்கொண்டு ஒரு மனுஷன் எவ்வளவுதான் சொல்ல முடியும்.

"அப்பால நடந்தத நான் சொல்ல மாட்டேன், அதுகிட்டயே கேளுக்கா," என்றான் ரகுபதி. அவள் பஸ் ஆலை வாசலில் திரும்பியது. போனை உள்ளே கொண்டுபோகக் கூடாது, வாசலிலேயே கொடுத்துவிட வேண்டும்.

7.

முடிவு ஒன்று: அவள் அடிக்கிறாள். கூடாரம் பிழைக்கிறது. அளக்கிறவனின் கணக்கில் இன்னொரு வேகமான ஆட்டம் சேர்கிறது. அடுத்த மாதம் புள்ளி பாதியாகிறது— (அவளைக் குற்றவாளியாக்க எனக்கு என்ன உரிமை?)

முடிவு இரண்டு: அவள் நிற்கிறாள். கணப்பு அணைகிறது. தூங்குகிற உருவங்களைச் சுருட்டி— (இதை எழுதும்போது நான் அழுதேன். அவள் அழமாட்டாள் என்று தெரிந்தும்.)

இரண்டையும் கிழித்துவிட்டு அவளிடமே போனேன். ஒரகடம் கூட்டு ரோட்டில், ஜூஸ் கடை வாசலில் பார்த்தேன். என்ன செய்தாய் என்று கேட்டேன்.

"சொல்ல மாட்டேன்க்கா," என்றாள். கோபமெல்லாம் இல்லை, சிரித்துக்கொண்டுதான்.

"ஏன்?"

"சொன்னா நீங்களும் அளப்பீங்க."

நான் ஜூஸைக் குடித்து முடித்தேன். அவள் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பினாள்.

அதனால் இனி உங்கள் பொறுப்பு. பஸ் நின்றுவிட்டது. வாசலில் செக்யூரிட்டி நடேசன் போன்களை வாங்கிக்கொண்டு டோக்கன் கொடுக்கிறார். வரிசை நகர்கிறது. முன்பின் தெரியாத மூன்று பேர் வா என்கிறார்கள். கட்டினவன் நில் என்கிறான். அவள் போனை நடேசனிடம் கொடுக்கவில்லை, உங்கள் கையில் கொடுக்கிறேன். கதவு உங்கள் விரலுக்குக் கீழே இருக்கிறது.

யோசித்துச் செய்யுங்கள். நான் அளக்கவில்லை.