ஆறு நிமிட இரைச்சல்

"அந்த இரைச்சல்ல அப்படி என்னதான்டி கேக்குது உனக்கும் உங்கப்பாவுக்கும்?" என்று அம்மா ஒருநாள் கேட்டாள், தையல் மிஷினில் முழங்கையை ஊன்றிக்கொண்டு, உதட்டில் இரண்டு குண்டூசியோடு... நான் பதில் சொல்லவில்லை, எதற்குத்தான் சொன்னேன், வகுப்பில் எழுந்து வாசிக்கச் சொன்னால் தொண்டையில் ஒரு கதவு சாத்திக்கொள்ளும், ஒன்பதாம் வகுப்பு பாதியில் பள்ளிக்கூடக் கதவையே நான் சாத்திவிட்டு வந்துவிட்டேன். இன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அப்பா வந்து, வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, "உள்ள வரலாமா?" என்று விருந்தாளி மாதிரி கேட்டபோது, ஏனோ அம்மாவின் அந்தக் கேள்விதான் ஞாபகம் வந்தது. நாலு மாதம் கழித்து வருகிறார். மிச்சச் சாமானை எடுக்க. ஸ்க்ரூடிரைவர் பெட்டி, இரண்டு சட்டை, அப்புறம் கம்ப்யூட்டர்... "அங்க இருக்குற சின்னது விளையாடக் கேக்குது," என்றார் சுவரைப் பார்த்து. சின்னது என்றால் அவர் இப்போது இருக்கிற வீட்டுப் பெண்ணின் மகள், ஏழு வயதாம், நான் பார்த்ததில்லை, பார்க்கவும் வேண்டாம். "ஆளே போயாச்சு, பெட்டி எதுக்கு, எடுத்துக்கச் சொல்லு," என்றாள் அம்மா, அவரிடம் இல்லை, என்னிடம். இந்த வீட்டில் எல்லாமே என் வழியாகத்தான் போய்வருகிறது, வாயே இல்லாத என் வழியாக.

கம்ப்யூட்டர் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை, சாக்லேட் டப்பா அகலத்தில் ஒரு கறுப்பு எழுத்துப்பலகை, அதை டிவியில் சொருகி, டென்னிஸ் ஆட்டம் இருக்கும் கேசட்டை டேப் ரெக்கார்டரில் போட்டால், ஆறு நிமிஷம் தகரத்தைத் தகரத்தில் தேய்க்கிற மாதிரி கத்தும், அந்தச் சத்தம் வழியாகத்தான் ஆட்டம் கம்ப்யூட்டருக்குள் ஏறும், டிவியின் ஓரமெல்லாம் நீலமும் மஞ்சளுமாகக் கோடுகள் துடிக்கும், அதன்பிறகு சத்தம் நின்று பச்சை மைதானம் வரும், வெள்ளைக் கோடு, வலை, இரண்டு குச்சி மனிதர்கள், ஒரு புள்ளியளவு பந்து, தரையில் அதன் நிழல். நிழலைப் பார்த்துத்தான் பந்து எவ்வளவு உயரத்தில் வருகிறது என்று தெரியும். உயர நாற்காலியில் ஒரு அம்பயர், வாயே திறக்காது, தீர்ப்பு மட்டும் திரையில் எழுத்தாக வரும். "இது நீதான்," என்று அப்பா முதல் நாளே சொல்லிவிட்டார், அன்றிலிருந்து நான் அம்பயர். ஒரே எழுத்துப்பலகையில் இடப்பக்கச் சாவிகள் அவருக்கு, வலப்பக்கம் எனக்கு, தோளோடு தோள் இடிக்கும், அவர் சட்டையில் டேப் ரெக்கார்டர் ரிப்பேர் கடையில் பற்றவைக்கிற ஈயத்தின் வாசனை... அந்த ஆறு நிமிஷமும் ஃபேன் போடக் கூடாது, முக்கியமாக அம்மாவின் மிஷின் மோட்டாரைப் போடக் கூடாது, போட்டால் ஆட்டம் பாதியில் செத்துவிடும். எத்தனை நாள் வேண்டுமென்றே மிதித்திருக்கிறாள். "எனக்கு நாளைக்கு இருபது சட்டை போகணும், நீங்க ரெண்டு பேரும் பந்து பொறுக்கிட்டு இருங்க!"

"ஓடுதான்னு ஒரு தடவ போட்டுப் பாத்துடலாம், அம்பயர்," என்றார் இன்றைக்கு. "ஓடலைன்னா எதுக்குத் தூக்கிட்டு அலையணும், இங்கயே கிடக்கட்டும்." இங்கேயே கிடக்கட்டும்... அந்த வார்த்தை என் கைக்குள் வந்து விழுந்தது. டேப் ரெக்கார்டர் எப்போதும் என் பக்கம்தான். அதன் ஒலித் திருகு ஆறுக்குச் சற்று மேலே சரியாக நிற்க வேண்டும், இல்லாவிட்டால் ஆட்டம் ஏறாது, அம்மாவின் சிவப்பு நகச்சாயத்தைத் திருடி நான்தான் அங்கே ஒரு புள்ளி வைத்திருந்தேன். திருகைப் புள்ளிக்கு ஒரு மயிரிழை கீழே வைத்தேன். வைத்துவிட்டுக் கையை மடியில் ஒளித்துக்கொண்டேன்.

ஆறு நிமிஷம். அப்பா தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தார், காலர் புதிது, தலைமுடி வேறு மாதிரி வெட்டியிருக்கிறார், யார் சொல்லி? "சாப்பிட்டியா?" தலையாட்டினேன். "இளைச்சிட்ட." இல்லை, நீங்கள் பார்த்து நாளாகிவிட்டது... ஐந்தாவது நிமிஷம் கோடுகள் அப்படியே உறைந்தன, சரியாகப் படிக்க முடியவில்லை என்று திரையில் ஒரு வரி. "ப்ச். இன்னொரு தடவ," என்று அவரே கேசட்டைச் சுற்றினார். இன்னொரு ஆறு நிமிஷம், கடவுளே, இன்னொரு ஆறு. இந்தத் தடவை அவர் பேசினார், நாற்பதுக்கு நாற்பது என்று சமமாகவே அரைமணி நேரம் முடியாமல் இழுத்த ஒரு ஆட்டத்தைப் பற்றி. "ஞாபகம் இருக்கா? உங்கம்மா வந்து பிளக்கைப் புடுங்கினா." மிஷின் பக்கமிருந்து அம்மா, "பின்ன? சோறு ஆறிப் போச்சுல்ல!" என்றாள், நேராக அவரிடம், நாலு மாதத்தில் முதல் தடவையாக, சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்ட மாதிரி குனிந்துகொண்டாள். மூன்று பேரும் ஒரே அறையில், மூன்று பேருக்கும் நடுவில் அந்தத் தகரச் சத்தம்... மறுபடி கோடுகள் உறைந்தன.

போச்சு, இனி இங்கேதான், எழுந்துவிடுவார், "கிடக்கட்டும்" என்பார், அப்புறம் என்றாவது ஒருநாள் பார்த்து சரிசெய்ய வருவார், வராமலா இருப்பார்... என்று நினைத்துக்கொண்டிருக்கும்போது அப்பா கையை நீட்டினார். என் பக்கமாக. திருகைத் தொட்டு, டிவியைப் பார்த்தபடியே, புள்ளிக்கு நேராக வைத்தார், கேசட்டை மறுபடி சுற்றிப் போட்டார். என்னைப் பார்க்கவே இல்லை. இரைச்சல் தொடங்கியது, இப்போது அதில் அந்தக் கூர்மை இருந்தது, பற்களில் ஏறுகிற கூர்மை. எதிர்க் கடை டேப்பில் பாட்டு அரை நூல் இழுத்தாலே பெல்ட் போச்சு என்று சொல்கிறவர். அப்படியென்றால் முதல் தடவையே, முதல் நொடியிலேயே கேட்டிருக்கும்... தெரிந்துகொண்டேதானே உட்கார்ந்திருந்தார்?

அம்மாவைப் பார்த்தேன். கையில் துணி, கால் மோட்டார் மிதியின் மேல். அவளும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். மிதிம்மா. ஒரே ஒரு சொல், மிதி. தொண்டை வரை வந்தது, கதவு சாத்திக்கொண்டது. எத்தனை நாள் கேட்காமலே மிதித்தாய், இன்றைக்கு நான் கேட்க வேண்டுமா, உனக்கும் அவர் போக வேண்டாமா, இல்லை சீக்கிரம் போய்த் தொலையட்டும் என்றா... அவள் காலை மெல்ல மிதியிலிருந்து எடுத்துத் தரையில் வைத்தாள்.

சத்தம் நின்றது. பச்சை மைதானம். யாரும் சாவியைத் தொடாவிட்டால் அந்தக் குச்சி மனிதர்கள் தாங்களாகவே ஆடிக்கொள்வார்கள், ஆடினார்கள், அம்பயர் உயரத்தில் சும்மா உட்கார்ந்திருந்தது. வலப்பக்கச் சாவிகளில் என் விரல்கள் தயாராக இருந்தன. இடப்பக்கம் அவர் கை வரவில்லை. பதினஞ்சுக்குச் சைபர், முப்பதுக்குச் சைபர்... முதல் இரண்டு தடவை தெரியாத மாதிரி இருந்தது எனக்காக என்றால், மூன்றாவது தடவை திருகைச் சரிசெய்தது யாருக்காக? அந்தப் பன்னிரண்டு நிமிஷத்தைத் தந்தவரும் இவர்தான், பிடுங்கியவரும் இவர்தானா? கேட்டுவிடு, இப்போது கேட்காவிட்டால்... அப்பா கை நீட்டி பிளக்கைப் பிடுங்கினார், மைதானம் ஒரு புள்ளியாகச் சுருங்கி அணைந்தது, ஒயரை முழங்கையில் சுற்றினார், கேசட்டை எடுத்துச் சட்டைப் பையில் போட்டார், பலகையைப் பழைய துண்டில் பொதிந்தார், ஒரு குழந்தையைப் பொதிகிற மாதிரி. டேப் ரெக்கார்டரை மட்டும் எடுக்கவில்லை. அதன் திருகு புள்ளிக்கு நேராக அப்படியே நின்றது. சட்டைகளும் ஸ்க்ரூடிரைவர் பெட்டியும் இருந்த பையைத் தோளில் மாட்டினார். வாசலில் குனிந்து, இடது செருப்பு, வலது செருப்பு, ஒரு கணம் நின்றார், இப்போது திரும்புவார் என்று நினைத்தேன், துண்டை மார்போடு இறுக்கிக்கொண்டு படியிறங்கிப் போனார்.