சந்தன நிறத் தகடு

“கறுப்பா இருந்தா எவன் நம்புவான்? பார்த்ததுமே புகைபோக்கி ஞாபகம் வருது. சந்தன நிறத்துல குடு.”

“பழைய டயரை அரைச்ச தூளே கறுப்பு, அத்தான்.”

“அதான் சொல்றேன், நிறத்தை மாத்து.”

“மாத்த முடியாது. ஒரு கைப்பிடி தூள் விழுந்தாலே மொத்தமும் கறுத்துடும். சந்தன நிறம் வேணும்னா தூளே போடாம முழுக்கப் புது ரப்பர்தான் போடணும்.”

“போடேன். யாரு வேணாம்னா?”

அவள் தன் அக்கா வீட்டுக்காரரை ஏற இறங்கப் பார்த்தாள். ஓயாமல் பேசுவதால் தொழிற்சாலையில் அவருக்கு ‘மைக்’ என்று பட்டப்பெயர். விற்பனைப் பிரிவுத் தலைவர். பதினெட்டு வருஷமாக ரப்பர் விற்கிறவர், அதில் என்னென்ன கலக்கிறார்கள் என்று ஒருநாளும் ரப்பர் கலக்கும் மில் பக்கம் எட்டிப் பார்த்ததில்லை. போன மாதம் ஒரு கண்காட்சிக்குப் போய்வந்ததிலிருந்து வாயைத் திறந்தால் மறுசுழற்சி, பூமி, வருங்காலச் சந்தை. வீட்டில் அக்கா ஒரு பழைய டப்பாவைக் கழுவி வைத்தால் மட்டும், “குப்பை சேர்க்கிறாள்” என்று தூக்கி எறிவார்.

ஆய்வகப் பொறுப்பு அவளுடையது. நாற்பது சதவீதம் டயர் தூள் கலந்து ஜன்னல் பட்டைக்கான ரப்பரை உருவாக்க மூன்று வாரம் மல்லுக்கட்டியிருந்தாள். மில்லின் உருளைகளுக்கு நடுவே பத்து முறை பொடிந்து கொட்டிய கலவை பதினோராவது முறைதான் ஒட்டிக்கொண்டது. அமுக்கி, ஒருநாள் முழுக்க அடுப்பில் வைத்து எடுத்தாள். விட்டதும் கிட்டத்தட்ட பழைய உயரத்துக்கே நிமிர்ந்தது. அந்தப் பேச்சு நேற்று நடந்தது. இன்று அந்தக் கறுப்புத் தகடு மேசை ஓரத்தில் கிடந்தது. நடுவில், கண்ணாடித் தட்டில், மைக் அவளுக்குத் தெரியாமல் காலையில் வேறு ஆளை வைத்து முழுக்கப் புது ரப்பரில் போடவைத்த சந்தன நிறத் தகடு.

“சர்டிபிகேட்ட நானே டைப் அடிச்சுட்டேன். மறுசுழற்சி நாப்பது சதவீதம்னு போட்டிருக்கேன், அதுக்குக் கீழ கையெழுத்து வை. இல்லேன்னா நாளைக்கு இந்த நாற்காலில வேற ஆள். உங்க அக்கா அழுதாலும் நான் ஒண்ணும் பண்ண முடியாது.”

“அக்காவை எதுக்கு இழுக்குறீங்க? அவளுக்கு ரப்பர் தெரியாது. உங்கள மாதிரியே.”

அவர் பதில் சொல்வதற்குள், ஜன்னல் பட்டை வாங்கவிருந்த கட்டட நிறுவனத்தின் கொள்முதல் அதிகாரி உள்ளே வந்துவிட்டார். சந்தன நிறத் தகட்டை எடுத்துத் தடவினார். முகர்ந்தார். கண்ணை மூடிக்கொண்டார்.

“இயற்கைன்னா இதுதாங்க. பார்த்தாலே தெரியுது.”

“உங்க கண்ணு தனி சார்,” என்றார் மைக்.

அதிகாரி கறுப்புத் தகட்டை ஒரு விரலால் தொட்டுவிட்டு, விரலைக் கைக்குட்டையில் துடைத்துக்கொண்டார். “இது என்ன?”

“பழைய பாவம் சார். அதையெல்லாம் விட்டுட்டோம்.”

இத்தனை வருஷம் இந்த மனிதர் மேல் தனக்குக் கொஞ்சம் பயம் இருந்ததை நினைத்தால் அவளுக்கே வெட்கமாக இருந்தது. பேனாவை எடுத்தாள். சான்றிதழிலிருந்த நாற்பதை ஒரு நேர்க்கோட்டால் அடித்தாள். பக்கத்தில் ‘பூஜ்யம்’ என்று எழுதி, கையெழுத்திட்டு, தேதி போட்டு, முத்திரையும் குத்தினாள்.

முத்திரைச் சத்தம் கேட்டதும் மைக்கின் முகம் மலர்ந்தது. தாளைப் பார்க்காமலே கையில் வாங்கிக்கொண்டார்.

“எங்க லேப் ரொம்பக் கறார் சார். லேசுல கையெழுத்து விழாது.”

“அத்தான்,” என்றாள் அவள், “சாருக்கு அதைக் கொஞ்சம் சத்தமா படிச்சுக் காட்டுங்க.”